என் மகன் பெயர் முஜாஹித்

கிருஷ்ணகிரி மாவட்டப் பள்ளிகளில் பாடம் நடத்தும் ஆசிரியப் பெருமக்களுக்கு,

வணக்கம்.

நான் கிருஷ்ணகிரி பழையபேட்டையில் குடியிருப்பவன். மாங்காய் மண்டி ஒன்றில் கணக்கு எழுதுகிறேன். வீட்டில் உருது பேசுவோம்; நான் படித்ததும் எழுதுவதும் தமிழில்தான். என் மகன் ஒன்பதாம் வகுப்பு படிக்கிறான். எந்தப் பள்ளி, எந்த ஆசிரியர் என்று இதில் எழுதப் போவதில்லை. யாரையும் கூண்டில் ஏற்றுவது என் நோக்கமில்லை. அங்கே நடந்தது எந்த வகுப்பிலும் நடந்திருக்கலாம் என்பதால் உங்கள் எல்லோருக்குமாக எழுதுகிறேன்.

ஜூனில் பள்ளி திறந்த வாரம். புது வகுப்பு, புது ஆசிரியர். வருகைப் பதிவேட்டைப் பார்த்துப் பெயர்களை வாசித்துக்கொண்டே வந்தவர், என் மகன் பெயரில் நிறுத்தி, "என்னப்பா, பேரைக் கேட்டாலே பயமா இருக்கே" என்றாராம். சிரித்துக்கொண்டுதான் சொன்னார் என்று அவனே சொல்கிறான். வகுப்பும் சிரித்தது. மதியச் சாப்பாட்டு மணி அடிப்பதற்குள் அவனுக்கு 'ஜிஹாதி' என்ற பெயர் விழுந்துவிட்டது.

இதெல்லாம் எனக்கு இரண்டு மாதம் தெரியாது. அவன் நோட்டுகளுக்கெல்லாம் நான்தான் பிரவுன் அட்டை போட்டு லேபிள் ஒட்டுவேன். கணக்குப் பிள்ளை என்பதால் என் கையெழுத்து கொஞ்சம் நன்றாக இருக்கும். ஆகஸ்டில் ஒருநாள் இரவு அவன் தூங்கிய பிறகு ஒரு நோட்டை எடுத்துப் பார்த்தேன். லேபிளைத் தண்ணீர் தொட்டு உரித்திருக்கிறான். முழுதாக வரவில்லை, காகிதம் நார் நாராக எழும்பி நின்றது. அதன்மேல் வேறொரு லேபிள் ஒட்டி 'மு. முஜி' என்று எழுதியிருந்தான். கீழே என் நீல மையில் 'ஹித்' என்ற இரண்டு எழுத்து மட்டும் ஓரத்தில் தெரிந்தது. எல்லா நோட்டிலும் அப்படித்தான்.

மறுநாள் கேட்டேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "பத்தாவது மார்க்‌ஷீட் வர்றதுக்குள்ள பேரை மாத்திடலாமாப்பா?" என்று கேட்டான்.

அந்தப் பெயரை வைத்தது என் அம்மா. இவன் எட்டாம் மாதத்திலேயே பிறந்துவிட்டான். ஒன்றரைக் கிலோகூட இல்லை. தர்மபுரி அரசு மருத்துவமனையில் கண்ணாடிப் பெட்டிக்குள் மூன்று வாரத்துக்கு மேல் கிடந்தான். வெளியே கொண்டுவந்து கொடுத்த நர்சம்மா என் அம்மாவிடம், "நல்லாப் போராடி வந்திருக்கான் பாட்டி, உங்க பேரன்" என்றார். அம்மாவுக்குத் தமிழ் ஓரளவுதான் வரும். 'போராடி' என்றால் என்ன என்று என்னிடம் கேட்டார். நான் உருதுவில் சொன்னேன். "அப்படியானால் இவன் முஜாஹித்" என்றார். அவ்வளவுதான் அந்தப் பெயரின் கதை.

முஜாஹித் என்றால் போராடுகிறவன், பாடுபடுகிறவன். ஜிஹாத் என்றால் போராட்டம், பெருமுயற்சி. ஜ, ஹ, த என்ற மூன்று அரபு எழுத்துகளிலிருந்து பிறந்த சொற்கள் இவை. சட்ட நூல்களை ஆராய்ந்து ஒரு முடிவுக்கு வர அறிஞர் எடுக்கும் முயற்சிக்கு 'இஜ்திஹாத்' என்று பெயர். அதுவும் இதே வேர்தான். எங்கள் வீட்டு உருதுவில் 'ஜத்தோஜஹத்' என்று ஒரு சொல் உண்டு. மாதக் கடைசியில் செலவைச் சமாளிப்பதற்கும் அம்மா அதைத்தான் சொல்வார். விடுதலைப் போராட்ட வீரருக்கு உருதுவில் 'முஜாஹிதே ஆஸாதி' என்று பெயர். பகத்சிங்கையும் அப்படித்தான் எழுதுவார்கள்.

தமிழ் ஐயாக்களுக்கும் அம்மாக்களுக்கும் ஒன்று சொல்ல ஆசைப்படுகிறேன். 'போராட்டம்' என்ற நம் சொல்லுக்குள்ளேயே 'போர்' இருக்கிறது. ஆனால் 2017 தை மாதம் மெரினாவில் நடந்த ஜல்லிக்கட்டுப் போராட்டத்தை யாரும் யுத்தம் என்று புரிந்துகொள்ளவில்லை. 2019 ஜனவரியில் பழைய ஓய்வூதியம் கேட்டு ஆசிரியர், அரசு ஊழியர் சங்கங்களின் கூட்டமைப்பான ஜாக்டோ-ஜியோ சார்பில் உங்களில் பலரே போராடினீர்கள். கையில் அட்டைதான் இருந்தது. மரம் நடுகிறவரும் சமூகப் போராளி, ஆயுதம் ஏந்தியவரும் போராளி. எது எந்த இடத்தில் என்று தமிழ் தெரிந்தவருக்குக் குழப்பமே வராது. ஜிஹாத் என்ற சொல்லும் அப்படித்தான். அரபியில் யுத்தத்துக்கு 'ஹர்ப்', ஆயுதச் சண்டைக்கு 'கிதால்' என்று தனித்தனிச் சொற்கள் இருக்கின்றன. 'புனிதப் போர்' என்று இப்போது எல்லோர் வாயிலும் வருகிறதே, அந்தத் தொடர் குர்ஆனில் ஓரிடத்திலும் இல்லை.

குர்ஆனில் எனக்கு மிகவும் பிடித்த ஓர் இடம் 31ஆம் அத்தியாயத்தில் வருகிறது. தாய் நலிவுக்குமேல் நலிவுற்றுச் சுமந்தாள், எனக்கும் உன் பெற்றோருக்கும் நன்றியோடு இரு என்று சொன்ன இறைவன், அடுத்த வசனத்தில் ஒரு சிக்கலைச் சொல்கிறான். அதே பெற்றோர் எனக்கு இணை வைக்க, அதாவது என்னோடு வேறொன்றையும் கடவுளாக வணங்கச் சொல்லி உன்னை மன்றாடி வற்புறுத்தினால் அதற்கு மட்டும் கட்டுப்படாதே. ஆனாலும் இந்த உலகத்தில் அவர்களோடு நல்லபடி வாழ்ந்து வா. இங்கே 'வற்புறுத்தினால்' என்ற இடத்தில் வரும் அரபுச் சொல் 'ஜாஹதாக்க'. ஜிஹாதின் வினைச்சொல் அது. முஸ்லிம் அல்லாத ஒரு தாயும் தகப்பனும் மகனைத் தங்கள் பக்கம் இழுக்க எடுக்கும் முயற்சிக்குக் குர்ஆன் அந்தச் சொல்லையே பயன்படுத்துகிறது. அவர்களை வெறுக்கச் சொல்லவில்லை, நல்லபடி நடந்துகொள்ளச் சொல்கிறது. ஜிஹாத் என்றால் காஃபிரை, அதாவது இஸ்லாத்தை ஏற்காதவரைக் கொல்வது என்று ஒருவர் சொன்னால் இந்த ஒரு வசனத்தை நான் அவர் முன்னால் வைப்பேன்.

நபிகள் நாயகம் (ஸல்) மக்காவில் 13 ஆண்டுகள் அடியும் பட்டினியும் ஊர்விலக்கமும் பட்டுப் பிரச்சாரம் செய்தார்கள். அந்தக் காலத்தில் ஆயுதம் தூக்க அனுமதியே கிடையாது. ஆனால் அப்போது இறங்கிய 25ஆம் அத்தியாயத்தில் 'இந்தக் குர்ஆனைக் கொண்டு பெரிய ஜிஹாத் செய்யும்' என்று கட்டளை வருகிறது. வேதத்தைக் கையில் வைத்துக்கொண்டு செய்கிற போராட்டம் என்றால் பேசுவது, விளக்குவது, பொறுத்துக்கொள்வதுதானே?

பிறகு நபிமொழிகள். படைக்குப் போக அனுமதி கேட்டு வந்த ஒருவரிடம், உன் பெற்றோர் உயிரோடு இருக்கிறார்களா என்று நபியவர்கள் கேட்டார்கள். இருக்கிறார்கள் என்றார். அவர்களுக்குப் பணிவிடை செய்வதில் ஜிஹாத் செய் என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். இது புகாரி என்ற நபிமொழித் தொகுப்பில் இருக்கிறது. கொடுங்கோல் ஆட்சியாளன் முன் நின்று நியாயத்தைச் சொல்வது மிகச் சிறந்த ஜிஹாத் என்பது இன்னொன்று. தன் மனத்தோடு போராடுகிறவனே முஜாஹித் என்று திர்மிதி என்ற இன்னொரு தொகுப்பில் வருகிறது. 'சிறிய ஜிஹாதிலிருந்து பெரிய ஜிஹாதுக்குத் திரும்பினோம்' என்று மேடைகளில் அடிக்கடி சொல்வார்கள். அதன் அறிவிப்பாளர் தொடர் பலவீனமானது என்பது ஹதீஸ் (நபிமொழி) அறிஞர்களின் கருத்து. அதனால் அதை நான் ஆதாரமாக வைக்கவில்லை. வலுவானவையே போதும்.

சரி, அப்படியானால் ஆயுதமே இல்லையா என்று கேட்பீர்கள். இருக்கிறது. மறைக்க மாட்டேன். மதீனாவுக்குக் குடிபெயர்ந்த பிறகு, அநியாயமாகத் தாக்கப்பட்டவர்களுக்குத் திருப்பிப் போரிட அனுமதி வந்தது. 22ஆம் அத்தியாயத்தின் 39, 40ஆம் வசனங்கள். அந்த அனுமதிக்குச் சொல்லப்படும் காரணத்தைப் படிக்க வேண்டும்: இப்படி ஒருவரை வைத்து ஒருவரைத் தடுக்காவிட்டால் மடங்களும், கிறிஸ்தவ ஆலயங்களும், யூதர்களின் தொழுமிடங்களும், பள்ளிவாசல்களும் இடிக்கப்பட்டிருக்கும். பள்ளிவாசல் அந்த வரிசையில் கடைசியில்தான் வருகிறது. உங்களோடு போரிடுகிறவர்களோடு போரிடுங்கள், வரம்பு மீறாதீர்கள் என்று 2ஆம் அத்தியாயம் சொல்கிறது. பழைய சட்ட நூல்களில் ஜிஹாத் என்ற தலைப்பில் பெரும்பாலும் போர்ச் சட்டம்தான் இருக்கிறது, அதுவும் உண்மை. ஆனால் அது சட்டம். ஆட்சித் தலைமை அறிவிக்க வேண்டும். தனி மனிதன் நினைத்த நேரத்தில் இறங்க முடியாது. உடன்படிக்கையை முறிக்கக் கூடாது. வேறு தேசத்து முஸ்லிம்களே உதவிக்கு அழைத்தாலும், உங்களோடு ஒப்பந்தம் உள்ள மக்களுக்கு எதிராகப் போகக் கூடாது என்று 8ஆம் அத்தியாயம் 72ஆம் வசனம் சொல்கிறது. பெண்களையும் குழந்தைகளையும் கொல்வதை நபியவர்கள் தடுத்தார்கள்.

நபியவர்களுக்குப் பின் ஆட்சித் தலைவரான முதல் கலீஃபா அபூபக்ர் (ரலி) சிரியாவுக்குப் படை அனுப்பியபோது தளபதிக்குப் பத்துக் கட்டளை சொன்னார்கள். இமாம் மாலிக்கின் 'முவத்தா' என்ற நபிமொழி நூலில் பதிவாகியிருக்கிறது. பெண்களை, குழந்தைகளை, முதியவர்களைக் கொல்லாதே. மடங்களில் தவம் இருப்பவர்களை அவர்கள் போக்கில் விட்டுவிடு. சாப்பிடுவதற்கு அல்லாமல் ஆட்டையோ ஒட்டகத்தையோ அறுக்காதே. கனி தரும் மரத்தை வெட்டாதே.

சீசன் நேரம் ஒருநாள் மண்டியில் இதைச் சொன்னேன். பெங்களூரா ரக மாங்காய் லோடு மாங்கூழ் ஆலைக்குப் போக எடை போட்டுக்கொண்டிருந்தார்கள். கால் வைக்கிற இடமெல்லாம் மாங்காய்ப் பால் ஒட்டும், அந்தப் புளித்த வாடை சட்டையை விட்டுப் போகாது. சந்தூர்ப் பக்கத்து விவசாயி ஒருவர், எனக்கு அப்பா வயது, வண்டி நிழலில் உட்கார்ந்து பீடி பற்றவைத்துக்கொண்டிருந்தார். அந்த வருஷம் ரோடு போட அவர் தோப்பில் ஒரு வரிசை மரம் போயிருந்தது. நான் சொன்னதைக் கேட்டு, "எதிரி ஊட்டு மரத்தையுமா வெட்டக் கூடாதுன்னாரு?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். "சண்டைக்குப் போறவனுக்கா, பாய், இதச் சொல்லி அனுப்புனாரு?" என்று மறுபடி கேட்டார். ஆமாம் என்றேன். பீடியை அணைத்துவிட்டு, ஒட்டுக்கன்று நட்டாலும் காயைப் பார்க்க நாலைந்து வருஷம் ஆகும், அந்த மனுஷனுக்கு அது தெரிஞ்சிருக்கு என்றார். இதை நான் எந்த மேடைப் பேச்சிலும் கேட்டதில்லை. நம் சங்கப் பாட்டிலும், அம்பு விடும் முன் பசுக்களும் பெண்களும் நோயாளிகளும் பாதுகாப்பான இடம் போய்விடுங்கள் என்று அறிவித்துவிட்டுப் போர் செய்த மன்னனைப் பாடியிருக்கிறார்களே. உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

9ஆம் அத்தியாயத்தின் 5ஆம் வசனம் வாட்ஸ்அப்பில் வருஷத்துக்கு நாலு முறையாவது எனக்கே வருகிறது. 'கண்ட இடத்தில் கொல்லுங்கள்' என்ற துண்டு மட்டும். அதற்கு முந்தைய 4ஆம் வசனம், ஒப்பந்தத்தை மீறாதவர்களை இதிலிருந்து விலக்குகிறது. அடுத்த 6ஆம் வசனம், இணை வைப்பவர்களில் ஒருவர் அடைக்கலம் கேட்டால் கொடு, அவருக்குப் பத்திரமான இடத்தில் கொண்டுபோய்ச் சேர் என்கிறது. உடன்படிக்கையை மீறித் தாக்கிய கூட்டத்தாரைப் பற்றிய பகுதி அது. நடு வரியை மட்டும் கத்தரித்து எடுத்தால் எந்த நூல்தான் தாங்கும்?

இன்னொரு தவறான எண்ணம், வரலாற்றில் முஸ்லிம் மன்னன் செய்த போரெல்லாம் ஜிஹாத் என்பது. நம் மலைக்கோட்டையைப் பிள்ளைகளுக்குக் காட்டும்போது இதைச் சொல்லலாம். திப்பு சுல்தான் ஆங்கிலேயருக்கு எதிராக ஜிஹாத் என்ற சொல்லைப் பயன்படுத்தியவர்தான். ஆனால் 1790 முதல் 1792 வரை நடந்த மூன்றாம் மைசூர்ப் போரில் அவருக்கு எதிரணியில் கம்பெனியும் மராத்தியரும் மட்டுமா நின்றார்கள்? ஹைதராபாத் நிஜாமும் நின்றார். அந்தப் போரின் முடிவில்தான் கிருஷ்ணகிரி அடங்கிய நம் பாராமகால் பகுதி கம்பெனி கைக்குப் போனது. மன்னர்கள் மண்ணுக்காகச் சண்டை போட்டார்கள். சொல் எது கிடைத்ததோ அதை எடுத்துக்கொண்டார்கள்.

அப்புறம் குண்டு வைத்தவர்கள். 1998 பிப்ரவரி 14 கோவைத் தொடர் குண்டுவெடிப்பில் 58 பேர் செத்தார்கள். மண்டி வேலையாகக் கோவைக்குப் போகும்போதெல்லாம் அது என் நினைவுக்கு வரும். அதற்கு முன்னால் நவம்பர் கலவரத்தில் முஸ்லிம்கள் கொல்லப்பட்டார்கள் என்று சொல்லி அதை நியாயப்படுத்துகிறவரோடு நான் ஒத்துப்போக மாட்டேன். கடைத்தெருவில் காய்கறி வாங்க வந்தவர் என்ன செய்தார்? 2008 பிப்ரவரியில் தேவ்பந்த் தாருல் உலூம் என்ற மதக் கல்விக்கூடத்தில் கூடிய ஆயிரக்கணக்கான உலமாக்கள் (மார்க்க அறிஞர்கள்), அப்பாவிகளைக் கொல்லும் பயங்கரவாதம் இஸ்லாத்துக்கு விரோதம் என்று அறிவித்தார்கள். அதே ஆண்டு நவம்பரில் மும்பையில் தாக்குதல் நடத்திச் செத்த ஒன்பது பேரின் உடல்களை அடக்கம் செய்ய மும்பை முஸ்லிம் கபர்ஸ்தான் (அடக்கத்தலம்) நிர்வாகம் மறுத்தது. ஓராண்டுக்கும் மேல் அவை பிணவறையில் கிடந்தன. ஒரு முஸ்லிமுக்கு ஆறடி மண்ணும் இறந்தவருக்கான ஜனாஸாத் தொழுகையும் மறுக்கப்படுவது எங்கள் சமூகத்தில் எவ்வளவு பெரிய விஷயம் என்று உங்கள் முஸ்லிம் நண்பர் யாரிடமாவது கேட்டுப் பாருங்கள்.

ஆசிரியர்களான உங்களிடம் பெஷாவரைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. 2014 டிசம்பர் 16. பாகிஸ்தான் தாலிபான்கள் ஒரு பள்ளிக்குள் புகுந்து 130க்கும் மேற்பட்ட மாணவர்களைச் சுட்டுக் கொன்றார்கள். தங்களை முஜாஹித்கள் என்று சொல்லிக்கொள்பவர்கள் அவர்கள். அந்தப் பள்ளியின் தலைமை ஆசிரியை தாஹிரா காஸி பிள்ளைகளைக் காக்க முயன்று உயிரை விட்டார். செத்த பிள்ளைகளும் முஸ்லிம் வீட்டுப் பிள்ளைகள். அன்றைக்கு அந்தக் கட்டடத்துக்குள் ஒரு முஜாஹித் இருந்தார் என்றால் அது அந்த அம்மாதான். என் மகனுக்கு இந்தக் கதையைச் சொல்லியிருக்கிறேன்.

எங்கள் பக்கத்துக் குறையையும் எழுத வேண்டும். வெள்ளிக்கிழமை ஜும்ஆ பயான்களில் (சொற்பொழிவுகளில்) நபிகள் காலத்துப் பத்ரு, உஹதுப் போர்களைக் கேட்ட அளவுக்கு, ஒப்பந்தம், அடைக்கலம், பெற்றோர் பணிவிடை பற்றி நாங்கள் கேட்கவில்லை. வாள் படத்தை ஸ்டேட்டஸில் வைக்கும் பையன்கள் எங்கள் தெருவிலும் இருக்கிறார்கள். அவர்களைக் கூப்பிட்டு உட்காரவைத்துப் பேசாத பெரியவர்களில் நானும் ஒருவன். இந்தச் சொல்லைத் தமிழில் விளக்கி அக்கம்பக்கத்தாருக்கு நாங்கள் சொல்லியிருக்க வேண்டும். நாங்கள் சொல்லாமல் விட்ட இடத்தில் வேறு ஆட்கள் வந்து சொன்னார்கள். 'லவ் ஜிஹாத்' என்றார்கள். 2020 பிப்ரவரியில் மத்திய உள்துறை இணையமைச்சரே மக்களவையில், அப்படியொரு சொல்லுக்குச் சட்டத்தில் வரையறை இல்லை, மத்திய அமைப்புகள் எதுவும் அப்படி ஒரு வழக்கைத் தெரிவிக்கவில்லை என்று எழுத்தில் பதில் கொடுத்தார். அது ஆன இரண்டு மாதத்தில், முஸ்லிம்கள்தான் நோயைப் பரப்புகிறார்கள் என்று 'கொரோனா ஜிஹாத்' வந்தது. எங்கள் தெருவுக்கு வழக்கமாக வரும் காய்கறி வண்டி அந்த ஏப்ரலில் பத்து நாள் வரவில்லை. இந்த மாதிரிச் சொற்களைக் கேட்டு வளர்ந்த பிள்ளைகள்தான் இன்றைக்கு உங்கள் பெஞ்சுகளில் உட்கார்ந்திருக்கிறார்கள். என் மகனை 'ஜிஹாதி' என்று கூப்பிட்ட பையன் மேல் எனக்குக் கோபமே இல்லை. அவன் எங்கள் வீட்டு ரம்ஜான் கஞ்சி குடித்தவன்தான்.

எனக்கு வேண்டியது பெரிதாக ஒன்றுமில்லை. வகுப்பில் யாராவது இந்தச் சொல்லைத் திட்டாகப் பயன்படுத்தினால், ஒரு நிமிடம் நிறுத்தி அதன் பொருளைச் சொல்லிவிட்டுப் பாடத்தைத் தொடருங்கள். சமூக அறிவியல் நடத்துபவர்கள் ஜிஹாதை ஐந்து கடமைகளில் ஒன்று என்று சொல்லிவிட வேண்டாம். கலிமா, தொழுகை, நோன்பு, ஜகாத், ஹஜ் ஆகிய ஐந்தில் அது இல்லை. கேள்வி கேட்கும் பிள்ளைகளை வாயை மூடு என்று அடக்காதீர்கள், கேட்கட்டும். உங்களுக்குச் சந்தேகம் இருந்தால் பக்கத்துப் பள்ளிவாசல் இமாமை ஒரு பீரியட் கூப்பிட்டு எல்லாவற்றையும் கேளுங்கள், கஷ்டமான கேள்விகள் உட்பட. மாங்காய் சீசன் முடிந்துவிட்டதால் நானும் வருவேன். தமிழ் குர்ஆன் மொழிபெயர்ப்பு ஒன்றையும் எடுத்து வருகிறேன். முன்னும் பின்னும் புரட்டி நீங்களே படித்துப் பார்க்கலாம்.

பெயர் மாற்றத்துக்கான விண்ணப்பம் வாங்கி வைத்திருக்கிறேன். பழைய பெயர் என்ற கட்டத்தை நான் நிரப்பிவிட்டேன். புதிய பெயர் என்ற கட்டம் காலியாக இருக்கிறது. முடிவு அவனுடையது என்று சொல்லிவிட்டேன், காலாண்டு விடுமுறை முடிவதற்குள் சொல்வதாகச் சொல்லியிருக்கிறான். என் அம்மாவுக்கு இது எதுவும் தெரியாது. அவர் இன்றைக்கும் காலையில் வாசலில் நின்று முழுப் பெயரையும் சொல்லித்தான் அவனைப் பள்ளிக்கு அனுப்புகிறார். விடுமுறை முடிந்து வகுப்புக்கு வரும்போது வருகைப் பதிவேட்டில் நீங்களும் அதை முழுதாக, இடையில் நிறுத்தாமல், முன்னால் வரும் பெயரையும் பின்னால் வரும் பெயரையும் வாசிப்பதுபோலவே வாசியுங்கள்.

இப்படிக்கு,
ஒன்பதாம் வகுப்பு மாணவன் ஒருவனின் தந்தை,
பழையபேட்டை, கிருஷ்ணகிரி.